குன்றுகளுக்குச் சாட்சி சொல்பவர்கள்

2024 நவம்பர் 7-ஆம் தேதி மதுரை மாவட்டம் மேலூர் பகுதியில் 2,015.51 ஹெக்டேர் நிலம் ஒரு சுரங்க வட்டாரமாக ஏலத்தில் போனது. ‘நாயக்கர்பட்டி டங்ஸ்டன் வட்டாரம்’ என்பது ஒன்றிய சுரங்க அமைச்சகத்தின் ஆவணங்களில் அதற்கு இருந்த பெயர். அந்த எல்லைக்கோட்டுக்குள் நெல் வயல்களும் கண்மாய்களும் இருந்தன. அரிட்டாபட்டி, கிடாரிப்பட்டி, அ.வல்லாளப்பட்டி, நரசிங்கம்பட்டி என மக்கள் குடியிருக்கும் ஊர்களும், இரண்டாயிரம் ஆண்டுக்கு மேற்பட்ட தமிழிக் கல்வெட்டுகளைச் சுமந்து நிற்கும் குன்றுகளும் இருந்தன. பதினோரு வாரம் கழித்து, 2025 ஜனவரி 23 அன்று, அந்த ஏலம் ரத்தானது. இதை விவசாயிகளின் வெற்றி என்றும், தேர்தல் கணக்கு என்றும், மாநில அரசுக்கும் ஒன்றிய அரசுக்கும் நடந்த இழுபறியின் முடிவு என்றும் பலவாறாக விளக்குகிறார்கள். எல்லா விளக்கத்திலும் உண்மை இருக்கிறது. ஆனால் அதிகம் பேசப்படாத ஒரு பின்னணி உண்டு. ஏலச் செய்தி வந்த மறுநாளே அந்தக் குன்றுகளில் என்ன இருக்கிறது என்று ஊராரால் விவரமாகச் சொல்ல முடிந்தது. நாடு முழுவதும் அதைக் கேட்டது. அப்படிச் சொல்லும் ஆற்றல் எங்கிருந்து வந்தது என்று தேடிப் போனால், மரபு நடைகளிடம் போய்ச் சேர்வோம்.

பழஞ்சின்னங்களைக் கோத்து ஒரு நடைவழியாக்கி, கதை சொல்லி மக்களை அழைத்துச் செல்லும் வழக்கம் உலகெங்கும் பரவியிருக்கிறது. அமெரிக்காவின் பாஸ்டன் நகரில் 1951-இல் ஒரு பத்திரிகையாளரின் யோசனையில் பிறந்த ‘சுதந்திரத் தடம்’ இரண்டரை மைல் நீளம்தான். இன்று அந்நகரத்துக்கு வருபவர்களில் பலர் அதில் கால் வைக்கிறார்கள். ஸ்பெயினின் சாந்தியாகோ யாத்திரை வழி 1980-களின் நடுவில் ஆண்டுக்குச் சில ஆயிரம் பேர்கூட முழுமையாக நடக்காத பாதையாக இருந்தது. 1987-இல் ஐரோப்பிய மன்றம் அதைத் தன் முதல் பண்பாட்டு வழியாக அறிவித்தது. 2023-இல் நடந்து முடித்துச் சான்று பெற்றவர்கள் 4 லட்சத்துக்கும் மேல். இத்தகைய எண்களைக் காட்டித்தான் அரசுகளும் சுற்றுலாத் துறைகளும் மரபுத் தடங்களுக்குப் பணம் ஒதுக்குகின்றன. ஆள் வந்தால் காசு வரும், காசு வந்தால் ஊர் பிழைக்கும், ஊர் பிழைத்தால் சின்னமும் பிழைக்கும் என்பது அவர்கள் சொல்லும் வரிசை. இந்த வரிசையில் முதல் கண்ணியே பலவீனமானது என்பது என் கருத்து. உள்ளூர் மக்களுக்கு மரபுத் தடம் தரும் பெரிய பயன் வருமானம் அன்று. தன் நிலத்தின் மதிப்பைத் தானே எடுத்துச் சொல்லவும், அதைப் பிறர் ஏற்கும் சான்றாக ஆக்கவும் அது ஊருக்கு வழி செய்கிறது. நிலத்துக்கு வெளியிலிருந்து விலை குறிக்கப்படும் நாளில்தான் இந்தப் பயன் கண்ணுக்குத் தெரியும்.

முதலில் காசைப் பற்றி. மரபுச் சுற்றுலா பணம் ஈட்டித் தராது என்று யாரும் சொல்ல முடியாது. செட்டிநாட்டைப் பாருங்கள். கானாடுகாத்தானிலும் காரைக்குடியிலும் சில மாளிகைகள் விடுதிகளாகிப் பிழைத்திருக்கின்றன. ஆத்தங்குடித் தரைக்கற்களுக்குப் புதிய வாங்குபவர்கள் கிடைத்ததிலும் இந்த ஈர்ப்புக்குப் பங்கு உண்டு. செட்டிநாட்டு ஊர்த்தொகுதிகள் 2014-இல் யுனெஸ்கோவின் உத்தேசப் பட்டியலிலும் இடம் பிடித்தன. ஆனாலும் அதே காரைக்குடியின் பழம்பொருள் கடைத் தெருவில், பிரித்து விற்கப்பட்ட வீடுகளின் நிலைக்கதவுகளும் தேக்குத் தூண்களும் குவிந்து கிடக்கின்றன. வருமானம் விடுதி நடத்துபவரோடும் சொத்துக்காரரோடும் பெரும்பாலும் நின்றுவிடுகிறது. சமையற்கட்டிலும் தோட்டத்திலும் வேலை பார்ப்பவருக்குக் கூலிதான் மிச்சம். மதுரைக் குன்றுகளில் இந்த அளவுகூட இல்லை. ஞாயிறு காலை கிளம்பி, மலையேறி, கல்வெட்டைப் பார்த்து, அடிவாரத்தில் இட்லி சாப்பிட்டுவிட்டு வெயிலுக்கு முன் வீடு திரும்புகிறவர்களால் ஒரு டீக்கடைக்குக்கூட நிலையான வியாபாரம் கிடையாது. வருமானம்தான் அளவுகோல் என்றால் மதுரையின் மரபு நடைகளைத் தோல்வி என்றே எழுத வேண்டும். அப்படி எழுத முடியாததற்குக் காரணம், அந்தக் குன்றுகளின் கதையில் இருக்கிறது.

மதுரையைச் சுற்றியுள்ள குன்றுகளில் தமிழ்நாட்டின் தொன்மையான எழுத்துச் சான்றுகள் பல ஒருசேரக் கிடக்கின்றன. மாங்குளத்தை ஒட்டிய மீனாட்சிபுரம் குன்றிலுள்ள குகைத்தளங்களின் கல்வெட்டுகளை 1882-இல் ராபர்ட் சிவெல் கவனப்படுத்தினார். அவற்றில் நெடுஞ்செழியன் என்ற பாண்டியன் பெயரும், கணிநந்தன் என்ற துறவிக்குப் படுக்கை வெட்டிக் கொடுத்த செய்தியும், வெள்ளறை என்ற ஊரின் வணிகக் குழுவின் கொடையும் இருப்பதை அறிஞர்கள் படித்தறியப் பல பத்தாண்டுகள் ஆயின, கே.வி.சுப்பிரமணிய ஐயரும், பின்னர் 1960-களில் ஐராவதம் மகாதேவனும் அந்தப் பணியைச் செய்தார்கள். அரிட்டாபட்டியில் இன்னும் அடர்த்தியான ஒரு வரலாற்று வரிசை நிற்கிறது. ஒரு பாறையில் தமிழிக் கல்வெட்டு. ஓராயிரம் ஆண்டு கழித்து அதே குன்றில் சமணத் தீர்த்தங்கரர் சிற்பமும் அதன் கீழே வட்டெழுத்தும். இன்னொரு பக்கம் பாண்டியர் காலக் குடைவரைச் சிவன் கோயில், அதில் லகுலீசர் சிற்பம். தமிழ்நாட்டில் லகுலீசரைக் காண்பது அரிது. கீழக்குயில்குடிச் சமணமலை, கொங்கர் புளியங்குளம், முத்துப்பட்டி, விக்கிரமங்கலம், கருங்காலக்குடி, கீழவளவு, திருவாதவூர், வரிச்சியூர் என்று இந்தப் பட்டியல் நீளும். அச்சணந்தி என்ற துறவியின் பெயர் குன்றுக்குக் குன்று வருவதைப் பார்த்தால், ஒன்பது, பத்தாம் நூற்றாண்டுகளில் இவையெல்லாம் ஒரே வலைப்பின்னலாக இயங்கியிருக்க வேண்டும் என்று தோன்றும். இந்தக் கல்வெட்டுகளில் ஒரு வழக்கம் உண்டு. யானைமலையில் செதுக்கப்பட்ட சமண உருவங்களை இன்னின்னார் காக்க வேண்டும் என்று அங்கேயே எழுதி வைத்திருக்கிறார்கள். அப்படிக் காவல் ஏற்றவர்களில் நரசிங்கமங்கலத்துச் சபையாரும் இருக்கிறார்கள். துறவி செய்வித்தார், ஊர் காத்தது. பாதுகாப்புக்கு ஊரையே பொறுப்பாக்கும் ஏற்பாடு தொல்லியல் துறை பிறப்பதற்கு ஆயிரம் ஆண்டு முன்பே இருந்தது.

இவ்வளவும் அறிஞர் உலகில் தெரிந்திருந்தும் குன்றுகள் பிழைக்கவில்லை என்பதுதான் மேலூரின் கசப்பான பாடம். 1990-களுக்குப் பிறகு அந்த வட்டாரத்தில் கிரானைட் தொழில் பெருகியது. கண்மாய்களும் ஓடைகளும் கழிவுக் கற்களால் மூடின. கீழவளவில் சமணப் படுக்கைகள் இருக்கும் பாறைக்கு அருகிலேயே வெட்டிக்கொண்டு வந்தார்கள். 2012-இல் மாவட்ட நிர்வாகத்தின் அறிக்கை வெளிவந்தபோது, அரசுக்கு ஏற்பட்ட இழப்பு 16,000 கோடி ரூபாய் என்று மதிப்பிடப்பட்டது. 2014-இல் சென்னை உயர் நீதிமன்றம் ஐ.ஏ.எஸ். அதிகாரி உ.சகாயத்தைச் சட்ட ஆணையராக நியமித்தது. அடுத்த ஆண்டு அவர் அளித்த அறிக்கை இழப்பை ஒரு லட்சம் கோடிக்கும் மேல் என்றது. கல்வெட்டுகள் தொல்லியல் துறையின் ஆண்டறிக்கைகளில் பதிவாகியிருந்தன, நூல்களில் அச்சாகியிருந்தன. ஆனால் ஆண்டறிக்கையைப் படிப்பவர் மைசூரிலோ சென்னையிலோ இருந்தார். பாறை வெடிப்பதைக் கேட்பவர் கீழவளவில் இருந்தார். இருவருக்கும் நடுவே பாலம் இல்லை. ஊர்க்காரருக்கு அது பஞ்சபாண்டவர் படுத்த இடம். அறிஞருக்கு அது பதிவேட்டில் ஓர் எண். முன்னவரின் சொல்லுக்கு அலுவலகத்தில் மதிப்பில்லை. பின்னவரின் சொல்லுக்கு ஊரில் ஆளில்லை.

இந்த இடைவெளியில்தான் நடைகள் வந்து சேர்ந்தன. 2010-ஐ ஒட்டி யானைமலையைச் சிற்ப நகரமாக்கும் திட்டம் ஒன்று பேசப்பட்டது. மலையைச் செதுக்கினால் மலை இருக்காது என்று நரசிங்கம், ஒத்தக்கடை மக்கள் எதிர்த்தார்கள், திட்டம் கைவிடப்பட்டது. கல்வெட்டில் காவல் ஏற்ற நரசிங்கமங்கலத்தின் பெயரை இன்றும் தாங்கி நிற்கும் ஊர்தான் நரசிங்கம் என்பதை இங்கே நினைவூட்டலாம். கி.பி. 770-இல் பாண்டியனின் அமைச்சன் மாறன் காரி குடையத் தொடங்கி, அவன் தம்பி மாறன் எயினன் முடித்த நரசிங்கப் பெருமாள் குடைவரை அங்கேதான் இருக்கிறது. அந்தப் போராட்டத்தின் சூட்டில் எழுத்தாளர் அ.முத்துகிருஷ்ணன் தொடங்கியது ‘பசுமை நடை’. மாதந்தோறும் ஒரு குன்று, பெரும்பாலும் ஞாயிறு காலை. தொல்லியல் அறிஞர் சொ.சாந்தலிங்கம் போன்றோர் பாறை முன்னால் நின்று கல்வெட்டை வாசித்து விளக்கினார்கள். குழந்தைகளும் ஆசிரியர்களும் வங்கி ஊழியர்களும் கடைக்காரர்களும் தரையில் உட்கார்ந்து கேட்டார்கள். கூட்டத்தின் ஓரத்தில், ஆடு மேய்க்க வந்தவர்களும் கோயில் பூசாரியும் ஊர்ப் பிள்ளைகளும் கேட்டார்கள். நடையின் உண்மையான விளைவு அந்த ஓரத்தில் நிகழ்ந்தது என்று நினைக்கிறேன்.

எப்படி என்று கொஞ்சம் பிரித்துப் பார்க்கலாம். ஒரு கல்வெட்டைப் பார்க்க நகரத்திலிருந்து நூறு பேர் வந்தால், அந்தக் கல்வெட்டு எந்த நிலையில் இருக்கிறது என்பதற்கு அன்றைய தேதியில் நூறு சாட்சிகள் கிடைக்கிறார்கள். புகைப்படங்கள் எடுக்கப்படுகின்றன, நாளிதழில் நான்கு பத்தியாவது செய்தி வருகிறது. அடுத்த ஆண்டு அதே இடத்தில் ஒரு பாறை காணாமல் போனால், முன்பு இருந்ததற்கு ஆதாரம் இருக்கிறது. இது ஒரு பக்கம். ஊர்க்காரர் கல்வெட்டின் வாசகத்தையும் காலத்தையும் தெரிந்துகொள்கிறார். நகரத்திலிருந்து வந்தவரோ எந்தச் சுனை எந்த மாதத்தில் வற்றும், எந்தக் கண்மாய் நிறைந்தால் அடுத்தது எது, எந்த மரத்தில் எந்தப் பறவை அடையும் என்று ஊர்க்காரரிடம் தெரிந்துகொள்கிறார். இந்த இரண்டு அறிவும் கலக்கும்போதுதான் ஆவணம் முழுமையாகிறது. அரிட்டாபட்டியில் அதுதான் நடந்தது. பறவை பார்ப்பவர்கள் வந்தார்கள். ஊரில் இருந்தவர்களும் பதிவுசெய்யத் தொடங்கினார்கள். லகர் வல்லூறு, ஷாகின் வல்லூறு, ராசாளிக் கழுகு என்று வேட்டைப் பறவைகளின் பட்டியல் வளர்ந்தது. ஏழு குன்றுகள், 72 ஏரிகள், 200 நீர்ச்சுனைகள், சுமார் 250 பறவையினங்கள், எறும்புத்தின்னி, தேவாங்கு, மலைப்பாம்பு என்ற கணக்கு அரசாணையின் பின்புலமாகும் அளவுக்கு உறுதிப்பட்டது. பாண்டியர் காலத்ததாகக் கருதப்படும் ஆனைகொண்டான் கண்மாயும் அதில் சேர்ந்தது.

2022 நவம்பரில் தமிழ்நாடு அரசு அரிட்டாபட்டியிலும் மீனாட்சிபுரத்திலுமாக 193.215 ஹெக்டேரைப் பல்லுயிர் மரபுத் தலமாக அறிவித்தது. மாநிலத்தில் அதுவே முதல். பல்லுயிர்ப் பெருக்கச் சட்டம் 2002-இன் 37-ஆம் பிரிவின்படி, உள்ளாட்சி அமைப்புகளைக் கலந்துகொண்டுதான் இந்த அறிவிப்பைச் செய்ய வேண்டும். மக்கள் ஏற்கெனவே பின்பற்றிவரும் மேய்ச்சல், விறகு, வழிபாடு போன்ற வழக்கங்களுக்கு அவர்களாக விரும்பி ஏற்பதைத் தவிர வேறு கட்டுப்பாடு வராது என்பதைத் தேசியப் பல்லுயிர் ஆணையத்தின் வழிகாட்டுதல்கள் தெளிவாகச் சொல்கின்றன. வழிகாட்டுதலின் இந்தச் சிறு நுணுக்கம் முக்கியமானது. ஏன் என்பதைப் பிறகு பார்ப்போம்.

டங்ஸ்டன் ஏலம் வந்தபோது இந்த 193 ஹெக்டேர்தான் முதல் தடுப்பானது. ஆனால் அமைச்சகத்தின் தரப்பு அதையே திருப்பிப் போட்டது: மொத்த வட்டாரத்தில் மரபுத் தலம் பத்தில் ஒரு பங்குதானே. 2024 டிசம்பர் இறுதியில், மரபுத் தலத்தை விட்டுவிட்டு எல்லையை மறுபடி வரையலாமா என்று புவியியல் ஆய்வுத் துறையை ஆராயச் சொன்னார்கள். மரபுப் பாதுகாப்பைப் பற்றிப் பேசுபவர்கள் ஊன்றிக் கவனிக்க வேண்டிய தருணம் இது. எல்லைக்கோட்டுக்குள் இருந்த குன்றைக் காட்டி வாதாடினால், கோட்டுக்கு வெளியே உள்ள ஊர் தானாகவே விட்டுக்கொடுக்கப்பட்டதாக ஆகிவிடும். ஊர்கள் அந்த வலையில் விழவில்லை. கிராம சபைகள் அதற்கு முன்பே தீர்மானம் போட்டிருந்தன. டிசம்பர் 9-இல் சட்டமன்றமும் போட்டிருந்தது. 2025 ஜனவரி 7-இல் நரசிங்கம்பட்டியிலிருந்து மதுரைக்குப் பெருந்திரளாக நடந்தார்கள். முழு ரத்து ஒன்றே கோரிக்கையாக இருந்தது. மரபுத் தலம் பேச்சைத் தொடங்கி வைத்தது. முடித்து வைத்தது விவசாயமும் ஊர்த் தலைவர்களான அம்பலகாரர்களின் ஒற்றுமையும்தான்.

அப்படியானால் நடைகளுக்கு இதில் என்ன பங்கு என்று கேட்கலாம், கேட்கவும் வேண்டும். காரணகாரியத்தை இலகுவாக ஒட்டிவிடக் கூடாது. கிரானைட் காலத்தில் குத்தகைகள் சிறு சிறு துண்டுகளாக வந்தன. உள்ளூரிலேயே அதில் பிழைத்தவர்கள் இருந்தார்கள், அதிகாரத்திலிருந்தவர்களும் கண்ணை மூடிக்கொண்டார்கள். டங்ஸ்டன் ஒரே அடியாக இரண்டாயிரம் ஹெக்டேராக, ஒன்றிய அரசிடமிருந்து, மாநில அரசு எதிர்நிலை எடுக்கத் தோதான நேரத்தில் வந்தது. இந்த வேறுபாடுகள் பெரியவை. நடைகள் இல்லாவிட்டாலும் மேலூர் கொதித்திருக்கும். ஆனாலும் ஒரே வட்டாரம், ஒரே வகைக் குன்றுகள், ஒரே வகைக் கல்வெட்டுகள். இருபது ஆண்டு இடைவெளியில் இரண்டு எதிரெதிர் முடிவுகள். இடையில் மாறியவற்றுள் ஒன்று, அந்தக் கல்வெட்டுகளைப் பொதுவெளியில் ஆயிரக்கணக்கானோர் அறிந்திருந்தது. ஏலச் செய்தி வந்ததும் தொலைக்காட்சிகள் அரிட்டாபட்டியின் தீர்த்தங்கரரையும் குடைவரையையும் உடனே காட்ட முடிந்ததற்கும், ஊர்க்காரர்கள் ஒலிவாங்கி முன்னால் கல்வெட்டின் வயதைத் தடுமாறாமல் சொன்னதற்கும் பத்தாண்டுப் பயிற்சி பின்னால் இருந்தது. போராட்டத்தை நடைகள் உருவாக்கவில்லை. போராட்டத்துக்குச் சொல் கொடுத்தன. இதற்கு மேல் உரிமை கோரினால் மிகை, குறைத்துச் சொன்னால் அநியாயம்.

இதைவிடக் கூர்மையான ஆட்சேபம் ஒன்று உண்டு. இந்தக் குன்றுகளை இரண்டாயிரம் ஆண்டு காத்தது ஊர்தான். ஐயனாரும் கருப்பும் பேச்சியும்தான். நேற்று வந்த நகரத்து நடையாளர்கள் அந்தப் புகழைத் தட்டிக்கொண்டு போவதா? சமணமலை அடிவாரத்தில் ஐயனார் கோயிலும் தாமரைக் குளமும் இருப்பதால்தான் மேலே செட்டிப்புடவும் பேச்சிப்பள்ளமும் பிழைத்தன என்பதில் நியாயம் இருக்கிறது. தீர்த்தங்கரரை யாரென்று தெரியாமலே செட்டியார் என்று பெயரிட்டு, விளக்கேற்றி, பயந்து, மதித்து வந்தவர்கள் அந்த ஊர்க்காரர்கள். ஆனால் நம்பிக்கையின் காவலுக்கு ஓர் எல்லை உண்டு. சாமிக்குப் பயப்படுகிறவனைத்தான் சாமி தடுக்கும். குத்தகை ஆணையோடு வருபவனுக்கு ஐயனார் யாரென்று தெரியாது, ஏலப் பத்திரத்தில் பேச்சிக்கு ஒரு கட்டம் கிடையாது. வழிபாட்டு உரிமையும் மேய்ச்சல் வழக்கமும் எழுதப்படாதவரை, ஆவணத்தில் அந்த நிலம் வெறும் புறம்போக்கு. எழுதப்படாத அந்தக் காவலை எழுத்தில் ஏற்றிக் கொடுக்கும் வேலையை நடை செய்கிறது. ஊரின் இடத்தை அது எடுத்துக்கொள்ளும்போதுதான் பிசகுகிறது. அப்படி எடுத்துக்கொண்ட நடைகளும் நம்மிடையே உண்டு. வழிகாட்டி ஒலிபெருக்கியில் பேசிக்கொண்டே போக, ஊர்க்காரரைப் புகைப்படத்துக்கு மட்டும் நிற்க வைக்கும் நடையால் அந்த ஊருக்கு எந்தப் பயனும் இல்லை.

மரபு என்ற பெயரே மக்களை வெளியேற்றும் கருவியாகிவிடும் என்பது அடுத்த அச்சம். இது கற்பனை அன்று. ஹம்பியில் விரூபாட்சர் கோயில் முன்னுள்ள பழைய கடைத்தெருவில் தலைமுறைகளாகக் குடியிருந்து பிழைத்துவந்த முந்நூறுக்கும் மேற்பட்ட குடும்பங்களின் வீடுகளையும் கடைகளையும் 2011 ஜூலையில் இடித்தார்கள். உலக மரபுச் சின்னத்தை ஆக்கிரமித்தவர்கள் என்பது அவர்கள் மீதான குற்றச்சாட்டு. விஜயநகரக் காலத்தில் அந்தத் தெரு கட்டப்பட்டதே கடை வைக்கத்தான். 2020-இல் ஆற்றுக்கு அக்கரையில் விருபாபுர கட்டியின் விடுதிகளும் போயின. பழஞ்சின்னங்கள் சட்டத்தின் 2010-ஆம் ஆண்டுத் திருத்தம், பாதுகாக்கப்பட்ட சின்னத்தைச் சுற்றி 100 மீட்டருக்குள் புதிய கட்டுமானத்தைத் தடைசெய்கிறது; அதற்கப்பால் மேலும் 200 மீட்டர் வரை அனுமதி வாங்க வேண்டும். வீட்டுக்கு ஓர் அறை கூட்ட நினைக்கும் ஏழைக்கு இந்தச் சட்டம் கோயிலைப் பகையாக்கிவிடுகிறது. சின்னத்தைக் காக்க இந்த எல்லை தேவையா என்றால், பல இடங்களில் தேவைதான். ஆனால் அதன் விலையை யார் தலையில் கட்டுகிறோம் என்பதைச் சட்டம் யோசிக்கவில்லை. பல்லுயிர் மரபுத் தலத்துக்கான வழிகாட்டுதலில் உள்ள நுணுக்கம் இங்கேதான் பொருள்படுகிறது. ஒரு சட்டம் கல்லை மையமாக வைத்து ஆளைத் தள்ளி நிற்கச் சொல்கிறது. மற்றது ஆளும் கல்லும் மரமும் சேர்ந்திருப்பதையே மரபாகக் கொள்கிறது. மரபுத் தடம் வகுப்பவர்கள் இரண்டில் எந்தப் பார்வையைத் தங்கள் தடத்தில் வைக்கிறார்கள் என்பதைப் பொறுத்தே ஊர் அவர்களை வரவேற்கும், அல்லது சந்தேகிக்கும். அரிட்டாபட்டி போன்ற ஊர்களில் ‘மரபுத் தலம்’ என்ற அறிவிப்பே மேய்ச்சலைத் தடுத்துவிடுமோ என்ற கவலை எழுந்தால், அதை அறியாமை என்று ஒதுக்க முடியாது. ஹம்பியின் கதை அவர்கள் பக்கம் சாட்சி சொல்கிறது.

பார்வையாளர்களால் வரும் சேதம் பற்றி நீளமாகப் பேச ஒன்றுமில்லை. கற்படுக்கைகளில் காதலர் பெயர்களும் கட்சிச் சின்னங்களும் ஏறுவது நடைகளுக்கு முன்பே இருந்த வழக்கம். கூட்டிப் போகிறவர் இருந்தால் அது குறைகிறது, தனியாக வருபவர்களிடம்தான் மிஞ்சுகிறது.

எனக்கு அதிகக் கவலை தருவது வேறொன்று: எது மரபு என்று யார் தேர்ந்தெடுக்கிறார்கள். மதுரையின் மரபு நடைகள் பெரும்பாலும் கி.மு.வில் தொடங்கிப் பத்தாம் நூற்றாண்டோடு நின்றுவிடுகின்றன. பழமைக்கு ஒரு வசதி உண்டு. அதில் இன்றைய யாரும் குற்றவாளி இல்லை. விக்கிரமங்கலத்தின் கல்வெட்டுகளைப் பார்க்கப் போகிறவர்கள் இன்னும் கொஞ்சம் போனால் பெருங்காமநல்லூர் வரும். 1920 ஏப்ரல் 3-இல் குற்றப் பரம்பரைச் சட்டத்துக்குப் பணிய மறுத்த மக்கள் மீது போலீஸ் சுட்டதில் பதினாறு பேர் இறந்தார்கள். கீழவளவின் படுக்கைகளுக்குப் பக்கத்து ஊர் மேலவளவு. 1997 ஜூன் 30 அன்று, தனி ஊராட்சியான அங்கே தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்ட முருகேசனும் உடன் வந்த ஐவரும் சாதி வெறியர்களால் வெட்டிக் கொல்லப்பட்டார்கள். இரண்டு இடத்திலும் நினைவுச் சின்னங்கள் உண்டு; ஆண்டுதோறும் மக்கள் கூடுகிறார்கள். ஒரு வட்டாரத்தின் மரபுத் தடம் இவற்றை ஒதுக்கிவிட்டுச் செல்லும்போது, அந்த வட்டாரத்து மக்களில் ஒரு பகுதியினரை அது தன் கதையிலிருந்து நீக்குகிறது. இது அரசியல், மரபு நடையில் எதற்கு என்று முகம் சுளிப்பவர்கள் உண்டு. குன்றைக் காக்கத் தீர்மானம் போட்ட கிராம சபை அரசியல் என்றால், கிராம சபையில் உட்காரும் உரிமைக்காக உயிர் விட்டதும் அதே அரசியல்தான். இன்னொரு முனையில் திருப்பரங்குன்றம் இருக்கிறது. ஒரே மலையில் முருகன் குடைவரை, சமணப் படுக்கைகள், உச்சியில் சிக்கந்தர் தர்கா. அந்த மலையை ஒற்றைக் கதையாகச் சுருக்க முயலும்போதெல்லாம் வழக்கும் பதற்றமும் வருகின்றன. மூன்றையும் ஒரே காலையில் நடந்து பார்க்க வைக்கும் தடத்துக்கு, அங்கே வேறெந்தச் சமாதானக் கூட்டத்தையும்விட வேலை அதிகம் இருக்கும்.

ஆகவே ஊருக்குப் பயன்படும் தடத்துக்குச் சில நிபந்தனைகள் உண்டு. தடத்தை வகுக்கும் முடிவு கிராம சபையில் எடுக்கப்பட வேண்டும். சொல்பவர்களில் பாதிப் பேராவது அந்த ஊர்க்காரர்களாக இருக்க வேண்டும். நடையில் சேரும் தகவல் நகரத்துக்காரரின் கணினியில் தங்காமல் ஊராட்சியின் மக்கள் பல்லுயிர்ப் பதிவேட்டில் ஏற வேண்டும். 2002-ஆம் ஆண்டுச் சட்டப்படி ஒவ்வோர் உள்ளாட்சியிலும் இருக்க வேண்டிய பதிவேடு அது. பல ஊர்களில் யாரோ நிரப்பிக் கொடுத்த காகிதமாகப் பீரோவில் கிடக்கிறது. கீழடியில் 2023 மார்ச்சில் திறந்த அருங்காட்சியகத்துக்குப் போகும் கூட்டத்தைப் பார்த்தால் தமிழருக்குத் தொன்மையில் ஆர்வம் இல்லை என்று சொல்ல முடியாது. அந்த ஆர்வத்தில் ஒரு பங்கு கண்ணாடிப் பெட்டியைத் தாண்டி வயல்வெளிக்கு வந்தால் போதும்.

மேலூரில் அதற்கான வேலை முடிந்துவிடவும் இல்லை. ரத்தானது ஓர் ஏலம் மட்டுமே. 2023-இல் திருத்தப்பட்ட சுரங்கச் சட்டம் டங்ஸ்டன் போன்ற முக்கியக் கனிமங்களை ஏலம் விடும் அதிகாரத்தை ஒன்றிய அரசிடமே வைத்திருக்கிறது. 2025 செப்டம்பரில் ஒன்றிய சுற்றுச்சூழல் அமைச்சகம் இத்தகைய கனிமச் சுரங்கங்களுக்கு மக்கள் கருத்துக் கேட்புக் கூட்டத்திலிருந்து விலக்கும் அளித்தது. ஊர் தன் வாதத்தைச் சொல்ல இருந்த சட்டபூர்வமான மேடையே சுருங்கிவிட்டது. அன்று கோட்டுக்குள் இருந்த 2,015 ஹெக்டேரில் மரபுத் தலமாக அறிவிக்கப்பட்ட 193 போக, மிச்சமுள்ள 1,800-க்கும் மேற்பட்ட ஹெக்டேருக்கு இன்றும் அப்படியோர் அறிவிப்பு இல்லை. அங்கே இருப்பவை புகழ் பெற்ற கல்வெட்டுகள் அல்ல; பெயர் தெரியாத ஊருணிகள், கோயில் காடுகள், நரசிங்கம்பட்டியின் பெருமாள்மலை, கண்மாய்க் கரைகளின் நடுகற்கள், ஈமக்காடுகள். அடுத்த நடைகள் அரிட்டாபட்டிக்கே மறுபடி மறுபடி போகாமல், அந்த 1,800 ஹெக்டேருக்குள் நுழைந்து, ஒவ்வொரு மடையையும் சுனையையும் ஊரார் சொல்லச் சொல்ல எழுதி, பதிவேட்டில் ஏற்றிக் கிராம சபையின் ஒப்புதலை வாங்க வேண்டும். அடுத்த ஏல அறிவிப்புக்கு முன்பே.